குழாயடிச் சண்டைக்கு யார் காரணம்?

மேடையில் இரு தலைவர்கள் வசைமாரி பொழிந்துகொண்டால் மறுநாள் அதைக் "குழாயடிச் சண்டை" என்கிறோம். அற்பக் காரணத்துக்காக நாகரிகமில்லாமல் போடும் கூச்சல் என்பது இச்சொல்லுக்கு நாம் தந்திருக்கும் பொருள். பெண்களின் இயல்பே இது என்ற ஏளனமும் அதில் ஒளிந்திருக்கிறது. திரைப்படங்களில் குழாயடிக் காட்சி பெரும்பாலும் சிரிப்புக்காகவே வைக்கப்பட்டது. குடம் உருளும், கூந்தல் அவிழும், கொட்டகை சிரிக்கும்.

ஆனால் ஆற்றங்கரைச் சண்டை என்று ஒரு சொல்லை நாம் உண்டாக்கவில்லையே, ஏன்? அதே பெண்கள்தாம், அதே குடங்கள்தாம். ஆற்றில் நீர் ஓடிக்கொண்டே இருக்கிறது. குழாயில் அப்படி இல்லை. இந்த ஒரு வேற்றுமையில் அடங்கியுள்ள செய்திகள் பல. அவற்றை அறிய, தெருக்குழாயின் வரலாற்றைச் சற்றுப் பின்னோக்கிப் பார்ப்போம்.

மூடாத குழாய்கள்

கி.பி. 79-இல் வெசூவியஸ் எரிமலையின் சாம்பலில் புதைந்த பொம்பேயி என்ற ரோமானிய நகரம் பல நூற்றாண்டுகளுக்குப் பின் தோண்டி எடுக்கப்பட்டது. அதன் தெருமுனைகளில் ஏறத்தாழ 40 பொது நீர்த்தொட்டிகள் இருந்ததை ஆராய்ச்சியாளர்கள் கண்டனர். நான்கு கற்பலகைகளால் ஆன தொட்டி. அதன் மேல் செதுக்கிய ஒரு கல். அக்கல்லின் வாயிலிருந்து ஈயக்குழாய் வழியே வந்த நீர் கொட்டும். நகரத்தில் பெரும்பாலோருக்கு ஓரிரு நிமிட நடையில் ஒரு தொட்டி இருந்தது. குனிந்து நீர் மொள்ளுவதற்காக மக்கள் கையூன்றிய இடங்களில் கல் விளிம்பு தேய்ந்திருப்பதை இன்றும் பார்க்கலாம்.

இக்குழாய்களில் திருகு கிடையாது. மேட்டிலிருந்து கால்வாய் வழியே இறங்கிய நீர் இரவும் பகலும் கொட்டியது. எஞ்சிய நீர் வழிந்தோடித் தெருவைக் கழுவியது. எப்போது சென்றாலும் நீர் உண்டு என்பதால், விடியுமுன் எழுந்து இடம் பிடிக்கவேண்டிய அவசியம் எவருக்கும் இல்லை.

ரோமானியர் ஏற்பாடு குறையற்றது என்று கருதவேண்டாம். செல்வர் வீடுகளுக்குத் தனிக் குழாய்கள் சென்றன, மற்றவர்களுக்குத் தெருத்தொட்டிதான். கி.பி. 97-இல் ரோம் நகரின் நீர் நிர்வாகத்தை ஏற்ற ஃப்ரான்டினஸ், பொதுக்குழாய்களில் கள்ளத்தனமாகத் துளையிட்டு நீர் திருடப்படுவதைத் தம் நூலில் விரிவாக எழுதியிருக்கிறார். குழாய் தோன்றிய போதே குழாய்த் திருட்டும் தோன்றிவிட்டது!

லண்டனின் ஒரு மணி நேரக் குழாய்

இனி பத்தொன்பதாம் நூற்றாண்டு இங்கிலாந்துக்கு வருவோம். நீராவி எந்திரம் ஆற்று நீரை இறைத்தது. வார்ப்பிரும்புக் குழாய்கள் அதை நகரத்துக்குள் கொண்டு வந்தன. லண்டனுக்கு நீர் வழங்கியவை தனியார் கம்பெனிகள். பணம் கட்டக்கூடிய வீட்டுக்குத் தனி இணைப்பும் தொட்டியும் கிடைத்தன. ஏழைத் தொழிலாளர் நெருங்கி வாழ்ந்த சந்துகளுக்கு, தரையிலிருந்து நிமிர்ந்து நிற்கும் ஒற்றைக் குழாய். இன்று நாம் அறிந்த தெருக்குழாயின் நேர் மூதாதை அதுவே.

அதில் நீர் எப்போதும் வராது. கம்பெனியின் ஆள் ஒருவர் தெருத்தெருவாகச் சென்று வால்வைத் திறந்து மூடுவார். ஒரு தெருவுக்கு நாளைக்கு ஓரிரு மணி நேரம். பல இடங்களில் வாரத்துக்கு மூன்றே நாள். ஞாயிற்றுக்கிழமை நீர் வராத இடங்களும் உண்டு. வால்வு திறக்கும் வேளையில் வாளி, பானை, பீப்பாய் ஆகியவற்றுடன் சந்து முழுவதும் குழாயைச் சூழும். வேலைக்குப் போனவர்களுக்குக் கிடைக்காது. பிடித்து வைத்த நீர், ஒரே அறையில் குடும்பம் முழுவதும் உறங்கும் வீட்டில், மூடியில்லாத பீப்பாயில் நாட்கணக்கில் கிடக்கும். குழாயடிச் சண்டை நம் நாட்டிலே பிறந்தது என்று நினைப்பவர்கள் இக்காட்சியைக் கற்பனை செய்து பார்க்கலாம்.

நகரங்களின் சுகாதாரத்தை ஆராய அமைக்கப்பட்ட அரசுக் கமிஷன் 50 ஊர்களைப் பார்வையிட்டு, 1845-இல் தன் இரண்டாம் அறிக்கையை அளித்தது. நீர் வழங்கல் நன்று என்று அது மதிப்பிட்ட ஊர்கள் 6, சுமாரானவை 13, மோசமானவை 31.

ஓர் இளம் பொறியாளரின் கணக்கு

அந்தக் கமிஷன் முன் சாட்சியம் அளித்தவர்களில் ஒருவர் தாமஸ் ஹாக்ஸ்லி. 1807-இல் பிறந்த இவர், இருபத்து நான்கு வயதை எட்டுமுன்பே நாட்டிங்ஹாம் நகரின் நீர்த் திட்டத்துக்குப் பொறுப்பேற்றவர். 1831-இல் தொடங்கிய அத்திட்டத்தில், எந்நேரமும் அழுத்தம் குறையாமல் குழாயில் நீர் நிற்குமாறு அவர் செய்தார்.

"எந்நேரமும் நீர் விட்டால் மக்கள் வீணடித்துவிடுவார்கள், நமக்குக் கட்டுபடியாகாது" என்பது மற்றக் கம்பெனிகளின் வாதம். ஹாக்ஸ்லியின் அனுபவம் இதற்கு நேர்மாறாக இருந்தது. நீர் எப்போது வரும் என்று தெரியாதவர் குழாயைத் திறந்தே வைத்திருப்பார். வந்ததும் கொள்ளும் வரை பிடிப்பார்; மறுமுறை வந்ததும் பழையதைக் கொட்டிவிட்டுப் புதிதாகப் பிடிப்பார். எப்போதும் நீர் உண்டு என்று அறிந்தவரோ தேவைக்கு எடுத்துக்கொண்டு குழாயை மூடிவிடுவார். ஆகவே வீணாவதற்குக் காரணம் மிகுதியன்று, நிச்சயமின்மைதான்.

செலவைப் பற்றி அவர் தந்த கணக்கும் சுவையானது. வீட்டுக்கு வீடு குழாய் வருமுன் தொழிலாளர் குடும்பங்கள் நீர் சுமப்போரிடம் விலைக்கு வாங்கின. ஒரு ஃபார்த்திங் காசுக்கு 3 காலன், அதாவது நம் குடத்தில் ஏறத்தாழ ஒன்று. புதிய கம்பெனி ஒரு பவுனுக்கு 76,000 காலன் வழங்கியது. ஒரு பவுனுக்கு 960 ஃபார்த்திங். வகுத்துப் பாருங்கள்: ஒரு ஃபார்த்திங்குக்கு 79 காலன்! கையால் சுமந்து விற்ற நீரைவிடக் குழாய் நீர் 26 மடங்கு மலிவு. ஏழைக்குக் குழாய் கட்டுபடியாகாது என்ற பேச்சை இந்தக் கணக்கு பொய்யாக்கியது. குழாய் இல்லாதபோதுதான் ஏழை மிக அதிக விலை கொடுத்துக்கொண்டிருந்தான்.

இரண்டு பாடங்கள்

இதற்கிடையே காலரா லண்டனை அடுத்தடுத்துத் தாக்கியது. 1854-இல் மருத்துவர் ஜான் ஸ்னோ ஒரு வியப்பான வாய்ப்பைக் கண்டார். தென் லண்டனின் பல தெருக்களில் இரண்டு கம்பெனிகளின் குழாய்கள் அருகருகே ஓடின. லாம்பெத் கம்பெனி 1852-இல் தன் நீர் எடுக்கும் இடத்தை, நகரக் கழிவு கலவாத மேல் தேம்ஸ் ஆற்றுக்கு மாற்றிவிட்டது. சௌத்வார்க்-வாக்ஸால் கம்பெனி நகருக்குள்ளேயே கழிவு கலந்த நீரை எடுத்து வந்தது. அந்த ஆண்டுக் காலராவின் முதல் ஏழு வாரங்களில் 10,000 வீடுகளுக்கு லாம்பெத் வாடிக்கையாளரில் 37 பேர் இறந்தனர். மற்றக் கம்பெனியின் வாடிக்கையாளரில் 315 பேர் இறந்தனர். ஒரே காற்று, ஒரே தெரு. வேறுபட்டது நீர் மட்டுமே.

"நீர் தூய்மையாக இருக்கவேண்டும்" என்ற முதல் பாடத்தை உலகம் இதிலிருந்து கற்றது. மணல் வடிகட்டி எங்கும் பரவியது. நுண்மணல் படுகையில் நீர் மெல்ல இறங்கும்போது மணலின் மேற்பரப்பில் ஒரு வழவழப்பான உயிர்ப்படலம் உண்டாகிறது. நோய்க் கிருமிகளைப் பெரும்பாலும் தடுப்பது அப்படலமே.

ஹாக்ஸ்லி கற்பித்த இரண்டாம் பாடம் "நீர் எந்நேரமும் இருக்கவேண்டும்" என்பது. இது வசதிக்காக மட்டும் சொன்னதன்று. குழாய் நிறைந்து அழுத்தத்துடன் இருக்கும்போது, இணைப்புகளில் சிறு கசிவு இருந்தால் நீர் உள்ளிருந்து வெளியே போகும். வால்வை மூடியதும் குழாய் வடிந்து வெற்றிடம் உண்டாகிறது. அப்போது அதே கசிவின் வழியே வெளியிலுள்ள சாக்கடை நீர் உள்ளே உறிஞ்சப்படும். நீர் வந்த முதல் சில நிமிடங்கள் கலங்கலாக வருவதை நீங்கள் கவனித்திருப்பீர்கள். சுத்திகரிப்பு நிலையத்தில் தூய்மையாக்கிய நீரை வழியில் அசுத்தமாக்கும் ஏற்பாடு இது.

கர்நாடகத்தின் ஹூப்ளி-தார்வாட் இரட்டை நகரில் ஒரு பகுதிக்கு எந்நேரமும் நீர் வழங்கப்பட்டது. மறுபகுதிக்குச் சில நாட்களுக்கு ஒருமுறை வழங்கப்பட்டது. இரு பகுதிக் குழாய்களிலும் நீரைச் சோதித்த ஆய்வு 2013-இல் வெளியாயிற்று. மலக்கழிவின் அடையாளமான ஈ.கோலி கிருமி, தொடர்ந்து நீர் வந்த குழாய்களில் நூறு மாதிரிக்கு ஒன்றில்கூட இல்லை எனலாம். விட்டுவிட்டு வந்த குழாய்களிலோ மூன்றில் ஒரு பங்கு மாதிரிகளில் இருந்தது. ஸ்னோ இருந்திருந்தால் இதை உடனே புரிந்துகொண்டிருப்பார்.

லண்டனிலும் இரண்டாம் பாடம் எளிதில் ஏறவில்லை. எந்நேர நீருக்கு வழிசெய்யும் சட்டம் 1871-இல்தான் வந்தது. அது முழுமையாக நடைமுறைக்கு வர அந்த நூற்றாண்டின் இறுதி ஆயிற்று.

சென்னைக்கு வந்த குழாய்

அச்சட்டம் வந்த மறு ஆண்டே, 1872-இல், சென்னை நகரம் குழாய் நீரைக் கண்டது. அதற்குமுன் மக்கள் நம்பியிருந்தவை கிணறுகளும் குளங்களும். 1772-ஆம் ஆண்டின் ஏழுகிணறுத் திட்டம் முதன்மையாகக் கோட்டைக்காக ஏற்பட்டது. 1872-இல் கொசஸ்தலை ஆற்று நீர் தாமரைப்பாக்கம் அணையில் திருப்பப்பட்டு, சோழவரம், செங்குன்றம் ஏரிகளில் சேர்ந்து, திறந்த கால்வாய் வழியே கீழ்ப்பாக்கம் வந்தது. அங்கிருந்து இரும்புக் குழாய்கள் நகருக்குள் சென்றன. நீர் இறங்கியது புவியீர்ப்பு விசையால். வடிகட்டும் ஏற்பாடு அப்போது இல்லை. 1914-இல்தான் கீழ்ப்பாக்கத்தில் மணல் வடிகட்டிகள் இயங்கத் தொடங்கின. நகரம் பெருகவே 1944-இல் பூண்டி நீர்த்தேக்கமும் சேர்ந்தது.

முதல் பாடம் இவ்வாறு நாற்பத்திரண்டு ஆண்டுகள் தாமதித்துச் சென்னைக்கு வந்து சேர்ந்தது. இரண்டாம் பாடம் முழுமையாக வந்து சேரவே இல்லை. மக்கள் தொகை ஏற ஏறக் குழாயில் அழுத்தம் இறங்கியது. பத்து மீட்டர் உயரம் நீரை ஏற்ற, சதுர சென்டிமீட்டருக்கு ஏறத்தாழ ஒரு கிலோகிராம் அழுத்தம் வேண்டும். தட்டையான நகரத்தின் கடைக்கோடித் தெருவில் அதில் சிறு பங்கும் எஞ்சாது. மக்கள் என்ன செய்தார்கள்? குழாயைத் தரைமட்டத்துக்குக் கீழே இறக்கினார்கள். குடம் வைக்கப் பள்ளம் தோண்டினார்கள். அதுவும் போதாதபோது மாநகராட்சிக் குழாயிலேயே அடிபம்பைப் பொருத்தி நீரை அடித்து எடுத்தார்கள். பௌதிகப் பாடம் படிக்காமலே அழுத்தத்தின் விதியைக் கண்டறிந்த பொறியியல் அது. ஆனால் ஒருவர் பள்ளம் தோண்டினால் அடுத்தவர் அதைவிட ஆழமாகத் தோண்டவேண்டும். முன்தெரு அடித்து எடுத்தால் பின்தெருவுக்கு இல்லை.

யார் கை பட்டது?

குழாய்க்கு ஒரு சிறப்பு உண்டு. கிணற்றிலோ குளத்திலோ "உன் கை பட்டு நீர் தீட்டாயிற்று" என்று சொன்னவர்கள், ஓடிவரும் குழாய் நீரிலும் அப்படிச் சொல்ல முடியுமா? சொன்னார்கள். 1891-இல் பிறந்த அம்பேத்கர், தாம் பள்ளிச் சிறுவனாக இருந்தபோது குழாயைத் தொடக்கூடாது என்று தடுக்கப்பட்டதைத் தம் நினைவுக் குறிப்புகளில் எழுதியிருக்கிறார். பள்ளியின் பியூன் வந்து குழாயைத் திறந்துவிட்டால்தான் தாகம் தீரும். பியூன் வராத நாளில் தாகத்தோடு இருக்கவேண்டியதுதான்.

1955-இல் இயற்றிய தீண்டாமைக் குற்றச் சட்டம், எவரையும் தடுக்கக்கூடாத நீர்நிலைகளை வரிசையாகச் சொல்கிறது. ஆறு, ஓடை, ஊற்று, கிணறு, குளம், தொட்டி என்று வரும் அந்த வரிசையில் தண்ணீர்க் குழாயும் பெயர் சொல்லிச் சேர்க்கப்பட்டிருக்கிறது. சட்டம் எழுதியவர்கள் குழாயடியை நன்கு அறிந்தவர்கள் என்பது இதனால் தெரிகிறது. குழாயடியில் முதலில் கேட்கவேண்டிய கேள்வி எவ்வளவு நீர் என்பதன்று; திறக்கும் உரிமை யாருக்கு என்பதே.

சண்டையின் கணக்கு

இப்போது நாம் தொடங்கிய கேள்விக்குத் திரும்புவோம். நம் நாட்டின் ஊரகக் குடிநீர்த் திட்டங்கள் நெடுங்காலம் ஓர் அளவைப் பின்பற்றின. ஓர் ஆளுக்கு நாளைக்கு 40 லிட்டர், 250 பேருக்கு ஒரு தெருக்குழாய் அல்லது அடிபம்பு, சமவெளியில் 1.6 கிலோமீட்டருக்குள் அது இருக்கவேண்டும் என்பதே அந்த அளவு.

250 பேருக்கு 40 லிட்டர் வீதம் வேண்டிய நீர் 10,000 லிட்டர். ஒரு தெருக்குழாயில் நிமிடத்துக்கு 10 லிட்டர் கொட்டுவதாக வைத்துக்கொள்வோம். 15 லிட்டர் குடம் நிரம்ப ஒன்றரை நிமிடம். 10,000 லிட்டர் கொட்ட 1,000 நிமிடம், அதாவது 16 மணி 40 நிமிடம் ஆகும். விடியற்காலை முதல் இரவு வரை இடைவிடாமல் நீர் வந்தால்தான் திட்டத்தின் அளவு நிறைவேறும்.

ஆனால் நீர் வருவது இரண்டு மணி நேரம் மட்டும் என்றால்? 1,200 லிட்டர், 80 குடம். 250 பேர் என்பது ஐவர் கொண்ட 50 குடும்பங்கள். ஒரு குடும்பத்துக்கு இரண்டு குடம்கூட இல்லை. ஆளுக்கு ஐந்து லிட்டருக்கும் குறைவு. குடிக்கவும் சமைக்கவுமே போதாது. ஒருவர் மூன்று குடம் பிடித்தால், வரிசையில் பின்னால் நிற்கும் மற்றவர்களின் பங்கு குறைவது உறுதி.

குழாயடிச் சண்டை இந்த வகுத்தல் கணக்கின் மீதிதான். வரிசையில் குடத்துக்குப் பதில் கல்லையும் உடைந்த சட்டியையும் வைத்து இடம் பிடித்தவர்களும், நள்ளிரவில் விழித்திருந்தவர்களும், பள்ளிக்கு நேரமாகியும் குடத்தருகே காவல் நின்ற சிறுமிகளும் பண்பில்லாதவர்கள் அல்லர். எண்பது குடத்தை ஐம்பது வீட்டுக்குப் பங்கிடும் வேலை, ஒரு பொறியியல் திட்டத்தால் அவர்கள் தலையில் சுமத்தப்பட்டது. நாள்தோறும் பெரும்பாலும் அவர்களே அதைச் சண்டையின்றிச் செய்து முடித்தார்கள் என்பதுதான் வியப்பு.

தூரமும் ஒரு நோய்

நீர் தட்டுப்பாடின்றி வந்தாலும் தூரம் என்ற மற்றொரு தடை உண்டு. கென்யா, உகாண்டா, டான்சானியா நாடுகளில் மக்கள் நீர் கொண்டுவரும் முறையை கில்பர்ட் வைட், டேவிட் பிராட்லி, ஆன் வைட் ஆகியோர் ஆராய்ந்து 1972-இல் ஒரு நூல் வெளியிட்டனர். பிராட்லி அதில் ஒரு புதிய பாகுபாட்டைச் செய்தார். காலராவைப் போன்றவை அசுத்த நீரைக் குடிப்பதால் பரவலாம். சொறி, சிரங்கு, கண்ணைக் குருடாக்கும் டிரகோமா போன்றவை வேறு வகை. கழுவப் போதிய நீர் இல்லாததால் வருபவை. இவற்றுக்கு மருந்து தூய்மையான நீர் மட்டுமன்று; நிறைய நீர்.

1980-களில் மொசாம்பிக் நாட்டின் முயேடா பீடபூமியில் இரு கிராமங்களை ஆராய்ந்தனர். ஒன்றில் ஊர் நடுவே குழாய் இருந்தது; மற்றொன்றில் நீர் கொண்டுவரப் பல மணி நேரம் நடக்கவேண்டும். குழாய் உள்ள கிராமத்தினர் ஏறத்தாழ மும்மடங்கு நீரைப் பயன்படுத்தினர். அவர்கள் கூடுதல் நீரைக் குடித்துத் தீர்க்கவில்லை. குழந்தைகளைக் குளிப்பாட்டவும் துணி துவைக்கவுமே பெரும்பாலும் செலவிட்டனர். தாய்மார்களுக்குச் சுகாதாரம் தெரியவில்லை என்று குறை சொல்லும் அதிகாரிகள் இதைக் கவனிக்கவேண்டும். அவர்களுக்குத் தெரியாதது ஒன்றுமில்லை, இல்லாதது நீர்தான். ஒரு குடம் நீரின் எடை 15 கிலோ. அதை ஒன்றரை கிலோமீட்டர் சுமந்து வந்தவர் அதில் கை கழுவத் தயங்குவது அறியாமையாகுமா?

வீட்டுக்குள் வந்த பிறகு

1981 முதல் 1990 வரையிலான ஆண்டுகளை ஐக்கிய நாடுகள் சபை குடிநீர், துப்புரவுப் பத்தாண்டாக அறிவித்தது. 2010-இல் பாதுகாப்பான குடிநீரை மனித உரிமை என்று அதன் பொதுச்சபை தீர்மானித்தது. 2019-இல் நம் நாடு ஊரக வீடு ஒவ்வொன்றுக்கும் குழாய் என்ற திட்டத்தைத் தொடங்கியபோது, அவ்வசதி பெற்றிருந்த ஊரக வீடுகள் 3.23 கோடி மட்டுமே. ஆளுக்கு நாளைக்கு 55 லிட்டர் என்பது அத்திட்டத்தின் இலக்கு. அதன்பின் கோடிக்கணக்கான வீடுகளுக்குக் குழாய் வந்திருக்கிறது. தெருக்குழாய் இனி பழங்கதை என்று எண்ணத் தோன்றும்.

ஆனால் திட்டம் தொடங்கிய அதே 2019-ஆம் ஆண்டுக் கோடையில் சென்னையின் ஏரிகள் வறண்டன. தண்ணீர் லாரியைச் சூழ்ந்து வண்ணவண்ணப் பிளாஸ்டிக் குடங்கள் மீண்டும் வரிசை கட்டின. குழாய் வீட்டுக்குள் வந்தாலும், வருவது இரண்டு மணி நேர நீரென்றால் கணக்கு மாறுவதில்லை. மோட்டாரும் நிலத்தடித் தொட்டியும் உள்ளவர் இழுத்துக்கொள்கிறார், இல்லாதவர் காத்திருக்கிறார். முன்பு நேருக்கு நேர் நடந்த சண்டை இப்போது சத்தமின்றி மண்ணுக்கடியில் நடக்கிறது.

மாணவ நண்பர்களே, உங்கள் ஊரில் இன்னும் ஒரு தெருக்குழாய் இருந்தால் அங்கு ஒரு நாள் கைக்கடிகாரத்துடன் சென்று நில்லுங்கள். ஒரு குடம் நிரம்ப எத்தனை வினாடி, நீர் எத்தனை மணி நேரம் வந்தது, எத்தனை வீட்டார் வந்தனர், வெறுங்குடத்துடன் எத்தனை பேர் திரும்பினர் என்று குறித்துக்கொள்ளுங்கள். பெருக்கி, வகுத்துப் பாருங்கள். விடை ஆளுக்கு 40 லிட்டருக்குக் குறைந்தால் அந்தத் தாளை உங்கள் ஊராட்சித் தலைவரிடமோ நகராட்சி உறுப்பினரிடமோ கொடுங்கள். 1844-இல் ஹாக்ஸ்லி கமிஷன் முன் வைத்ததும் அத்தகைய ஒரு கணக்குதான்.